கடையும் காமிராவும்: கார்ல் பிராய்ண்டின் ஒளிப்பதிவுப் பணி

காட்சிக்கு மொழிபெயர்ப்பு வேண்டுவதில்லை என்னும் கருத்து திரைப்பட ஆய்வில் பரவலாக வழங்குகிறது. இக்கருத்தின் வலிமையையும் எல்லையையும் காண ஒளிப்பதிவாளர் கார்ல் பிராய்ண்டின் (1890-1969) பணி தக்க சான்றாகும்.

பொகீமியாவில் பிறந்து பெர்லினில் வளர்ந்த இவர், 'கோலெம்' (1920) என்னும் திகிற்படத்திற்கும், பிறருடன் இணைந்து 'மெட்ரோபோலிஸ்' (1927) என்னும் அறிபுனை படத்திற்கும் ஒளிப்பதிவு செய்தார். எனினும் மொழியியலார் முதலில் நோக்கத்தக்கது முர்னாவ் இயக்கிய 'டெர் லெட்ஸ்டெ மன்' (1924) ஆகும். விடுதி வாயிற்காவலன் ஒருவன் சீருடையை இழந்து கழிப்பறைப் பணியாளன் ஆவதே கதை. இம்மௌனப்படத்தில் கதையோட்டத்தின் இடையே வரும் எழுத்து அட்டை ஒன்றே. சொல் செய்யும் வேலையைக் காமிரா ஏற்றது. அது மின்தூக்கியில் இறங்கி, மிதிவண்டியில் ஏறி, விடுதிக் கூடத்தைக் கடந்தது. குடிமயக்கக் காட்சியில் பிராய்ண்டு அதனைத் தம் மார்பிற் கட்டிக்கொண்டார்.

ஆயினும் தலைப்பை மொழிபெயர்த்தே ஆகவேண்டும். 'கடைசி மனிதன்' என்பது அதன் நேர்ப்பொருள். ஆங்கிலத்தார் 'இறுதிச் சிரிப்பு' எனப் பொருள்படப் பெயரிட்டு, மனிதனின் வீழ்ச்சியிலிருந்து பின்னொட்டான மகிழ்ச்சி முடிவுக்கு அழுத்தத்தை மாற்றிவிட்டனர். அந்த ஒற்றை எழுத்து அட்டையோ, கதை உண்மையில் முன்னரே முடிந்துவிட்டது என்றே உணர்த்துகிறது. தமிழில் 'கடை' என்னும் சொல் இறுதி, இழிவு, வாயில் ஆகிய மூன்றையும் சுட்டும். எனவே 'கடைமனிதன்' என்னும் பெயர் மூலத்திற்கு மேலும் நெருங்கி நிற்கும் எனலாம்.

இப்படத்தின் ஒளிப்பதிவு முறையைக் குறிக்கும் ஜெர்மன் தொடரைத் 'தளை நீங்கிய காமிரா' என்பதினும் 'தளை நீக்கப்பட்ட காமிரா' என்பதே பொருந்தும். மூலச்சொல் செயப்பாட்டுப் பொருளது. தளை தானே கழலவில்லை, ஒருவர் கழற்றினார்.

அவரே ஹாலிவுட்டில் 'டிராகுலா' (1931) படத்திற்கு ஒளிப்பதிவு செய்தபோது, காமிரா பெரும்பகுதியும் அசைவற்று நின்றது. அதே அரங்குகளில், அதே கதையை, இரவில் ஸ்பானிய மொழியில் வேறொரு குழுவினர் எடுத்தனர். ஜார்ஜ் ராபின்சனின் ஒளிப்பதிவில் அப்படம் கூடுதல் அசைவு பெற்றது. உரையாடல் ஏறத்தாழ ஒன்றே, காட்சி வேறு. ஒரே மூலத்திற்கு இரு மொழிபெயர்ப்புகள் அமைவது போன்றதே இது. காட்சியும் பொதுமொழியன்று, ஒருவர் தேர்ந்த பொருள்கோளே என்பது இதனால் பெறப்படும்.

1951இல் 'ஐ லவ் லூசி' தொலைக்காட்சித் தொடருக்கு அவர் மூன்று காமிராக்களை ஒருசேர இயக்கி, அரங்கெங்கும் சீரான ஒளி அமைத்தார். பேச்சு தடையின்றி நிகழக் காமிரா இடந்தந்தது. சொல்லை விலக்கிய கலைஞரே சொல்லுக்குப் பணிந்ததைத் தாழ்வெனக் கொள்ளுதல் பொருந்தாது. எதனை எதற்கு ஒதுக்குவது என்னும் தெளிவே மொழிபெயர்ப்பாளர் இவரிடம் கற்கத்தக்கது.