குஸ்துல்: மறைமொழியும் அதன் நிழலும்

ஜே. ஆர். ஆர். டோல்கீன் படைத்த மாந்தரல்லாத இனங்களுள் குள்ளரின் மொழி குஸ்துல். எல்ஃப் மொழிகளான குவென்யா, சிந்தாரின் ஆகியவற்றோடு ஒப்பிட, இதில் கிடைக்கும் சொற்கள் மிகச் சில. அதனால் இதனை முற்றுப்பெறாத முயற்சி என ஒதுக்குவது பொருந்தாது. கதையுலகில் குள்ளர் தம் மொழியைப் பிறர்க்குக் கற்பிப்பதில்லை. தம் உண்மைப் பெயர்களைக் கல்லறையிலும் பொறிப்பதில்லை. ‘தி லார்ட் ஆஃப் த ரிங்ஸ்’ நாவலில் வரும் பாலினின் கல்லறை இதற்குச் சான்று. அதன் குஸ்துல் வாசகத்தில் தலைவனைக் குறிக்கும் ‘உஸ்பாத்’ உண்டு. மகன்முறையைக் காட்டும் ‘-உல்’ விகுதியும் உண்டு. பாலின், ஃபுந்தின் என்னும் பெயர்களோ வடநாட்டு மாந்தர் மொழியின. இறந்தவனின் சொந்தப் பெயர் அவன் கல்லறையிலேயே இல்லை. சொற்குறைவு இங்குக் கதைப்பொருளாகவே தொழிற்படுகிறது.

வடிவில் இம்மொழி செமித்தியத்தை ஒத்தது: குஸ்த் (குள்ளன்), கஸாத் (குள்ளர்) என மெய்கள் நிலைக்க, உயிர்கள் மாறுகின்றன. இது தற்செயலன்று. சொந்த நாட்டினராகவும் அயலாராகவும் ஒருங்கே வாழ்வோர் என்ற வகையில் குள்ளரை யூதரோடு ஒப்பிட்டு டோல்கீனே 1955இல் கடிதம் எழுதினார். அவ்வொப்பீட்டில் பகை இல்லை. ஆயினும் 1937இல் வெளிவந்த ‘தி ஹாபிட்’ பொன்மீதான பேராசையைக் குள்ளரோடு பிணைக்கிறது; மறைமொழியும் செமித்தியச் சாயலும் அதனோடு சேரும்போது, ஐரோப்பிய யூத வெறுப்பு வரைந்த பழைய உருவம் நிழலாடுவதை மறுக்கவியலாது. வேர்ச்சொல் அமைப்பை மட்டும் வியக்கும் ஆய்வு இதனைக் காணாமற் போகிறது.

பீட்டர் ஜாக்சனின் திரைப்படங்களுக்காக டேவிட் சாலோ இம்மொழியை விரித்தமைத்தார். திரைக்கு அது தேவையாகலாம். அச்சொற்களை டோல்கீனின் சொற்களாக எடுத்தாளும் ஆய்வாளரோ, நாவல் காத்த மௌனத்தை அறியாமலேயே கலைத்துவிடுகின்றனர்.