தந்தை ஏன் குனிந்தார்?

ஊமைப்படம் என்றவுடன் குட்டிக்கரணமும் கத்திச்சண்டையுமே பலர் நினைவுக்கு வரும். வாய் பேசாத படம் சமூகத்தைப் பற்றி என்ன பேசிவிடும் என்று கேட்போரும் உளர். அன்னார்க்கு, 1932ஆம் ஆண்டில் ஜப்பானிய டைரக்டர் யாசுஜிரோ ஓசு எடுத்த படமொன்றை நாம் சிபார்சு செய்கிறோம். ‘பிறந்தோம், ஆனால்...’ என்பது அதன் தலைப்பின் பொருள். இந்த ஓசுவே 1943இல், போர்க்காலத்தில், படமெடுக்கும் பொருட்டுச் சிங்கப்பூருக்கு அனுப்பப்பட்டவர்.

கதை சிறிது. யோஷி என்னும் குமாஸ்தா, தம் மேலதிகாரி குடியிருக்கும் தோக்கியோப் புறநகருக்கு வீடு மாற்றி வருகிறார். அவருடைய புதல்வர் இருவரும் விரைவில் தெருச்சிறுவர்க்குத் தலைவராகின்றனர். அவர்கள் சைகை காட்டினால் மேலதிகாரியின் மகனும் மண்ணில் படுத்தாக வேண்டும். சிறுவர் உலகில் வலிமையே பதவி.

ஒருநாள் மேலதிகாரியின் இல்லத்தில் அவர் பிடித்த படங்கள் காட்டப்படுகின்றன. ‘பெரிய மனிதராக வேண்டும்’ என்று போதித்த தந்தை, அத்திரையில் மேலதிகாரியை மகிழ்விக்கக் கோமாளிபோல் முகம் கோணுகிறார். கூடியிருந்தோர் நகைக்கின்றனர், பிள்ளைகள் குன்றிப்போகின்றனர். ‘ஏன் குனிகிறீர்?’ என்பது அவர்கள் வினா. சம்பளம் தருகிறார் என்பது தந்தையின் விடை. அப்படியாயின் அச்சம்பளம் வேண்டாம் என்கின்றனர். சம்பளமில்லையேல் சோறில்லை என்கிறார். சோறும் வேண்டாம் என்று பட்டினி கிடக்கின்றனர்.

மறுநாட் காலை, அன்னை தந்த சோற்றுருண்டையைத் தந்தையருகே அமர்ந்து உண்டுவிடுகின்றனர். படம் சரணாகதியில் முடிகிறது என்று இதனைக் குறை கூறலாம். நாம் அதனை ஒப்போம். பசி வென்ற இடத்தில் தன்மானம் வென்றதாகக் காட்டுவது பொய்யாகும். அப்பொய்யைச் சொல்ல ஓசு மறுத்தார். அவர் மேலதிகாரியைக் கொடியவராகவும் தீட்டவில்லை. கெட்ட மனிதர் ஒருவருமின்றியே ஒரு மனிதர் குனிய நேர்கிறது என்பதல்லவா அவர் காட்டும் உண்மை?

நம்மை வருத்துவது இறுதிக் காட்சி. வழியில் மேலதிகாரியின் மோட்டார் நிற்கிறது. தந்தை தயங்குகிறார். ‘போய் வணக்கம் சொல்லுங்கள்’ என்று பிள்ளைகளே அவரை அனுப்புகின்றனர். பார்ப்பவர் புன்னகைக்கும் அவ்விடத்தில் நம் நெஞ்சு கனக்கிறது. நேற்று ‘ஏன்’ என்று கேட்ட வாய்கள், இன்று தந்தைமேல் வைத்த அன்பினால் அவரைக் குனியச் சொல்கின்றன. அடிமைத்தனம் பிரம்பினால் மட்டும் பரம்பரையாவதில்லை, அன்பினாலும் ஆகும். ஒரு வார்த்தையும் ஒலிக்காத படம் இதனை உரைக்கிறது. பேசும் படங்களில் எத்தனை இவ்வளவு பேசின?