கி. ராஜநாராயணனின் ‘கதவு’: தந்தை இல்லாத வீட்டில் சிறுமியின் பங்கு

கி. ராஜநாராயணனின் ‘கதவு’ சிறுகதை தீர்வைக் கொடுமையைக் காட்டும் கதையாகவே பெரிதும் பேசப்பட்டு வந்துள்ளது. வரி பாக்கிக்காக ஏழை வீட்டின் கதவைக் கழற்றிச் செல்வது கதையின் மைய நிகழ்ச்சியாதலால் அவ்வாறு கொள்வதில் பிழையில்லை. எனினும் அக்கதவுக்குப் பின்னே நிகழும் உழைப்பு போதிய அளவு கவனிக்கப்படவில்லை.

தந்தை மணிமுத்தாற்றுக்குக் கூலி வேலைக்குச் சென்றவர். மாதங்கள் கடந்தும் அவரைப் பற்றித் தகவல் இல்லை. தாய் ரங்கம்மாள் காட்டு வேலைக்குப் போகிறாள். வீட்டில் எஞ்சுவோர் சிறுமி லட்சுமி, தம்பி சீனிவாசன், ஒரு கைக்குழந்தை. லட்சுமி காசு எதுவும் ஈட்டுவதில்லை. ஆனால் அவள் குழந்தையைப் பார்த்துக்கொள்வதால்தான் தாய் கூலிக்குப் போக முடிகிறது. ராஜம் கிருஷ்ணனின் ‘கூட்டுக்குஞ்சுகள்’ நாவலில் தீப்பெட்டித் தொழிலில் ஈடுபடும் சிறுவர்களின் உழைப்புக்குக் கூலி என்ற அளவுகோல் உண்டு. லட்சுமியின் உழைப்புக்கு அதுவும் இல்லை. கதைமாந்தர் எவரும் அதை உழைப்பென்று சொல்வதுமில்லை.

கதை தொடங்கும்போது கதவு குழந்தைகளுக்குப் பேருந்து. ஏறி நின்று ஆட்டி ஊர்ப்பயணம் போகிறார்கள். தாய் இல்லாத பகல்வேளையில் வீட்டைக் காப்பதும் அக்கதவே. ஆகவே அது பறிபோனபின் பனிக்குளிர் உள்ளே புகுவதும் கைக்குழந்தை இறப்பதும் செயற்கையாகச் சேர்க்கப்பட்ட துன்பங்களாகத் தோன்றுவதில்லை. சிறுமியின் காவலுக்கு இருந்த ஒரே துணையை அரசு எடுத்துக்கொண்டதன் நேர்விளைவுகள் அவை. குழந்தையின் சாவை ஆசிரியர் மிகச் சுருக்கமாகக் கூறிக் கடப்பதைச் சிலர் குறையாகக் கருதலாம். அவ்விடத்தில் புலம்பலை விரித்திருந்தால் லட்சுமி இரக்கத்திற்குரிய பொம்மையாகச் சுருங்கியிருப்பாள்.

தந்தை சென்ற இடம் மணிமுத்தாறு என்பதும் எண்ணத்தக்கது. அங்கு 1950களில் அணை கட்டப்பட்டது. கரிசல் நிலத்து மானாவாரிக் குடும்பங்களுக்கு அத்தகைய பணிகள் பிழைப்பிடமாயின. மைசூருக்கு அண்மையில் 1911-இல் பணி தொடங்கப்பெற்ற கிருஷ்ணராஜசாகர் அணையும் எண்ணற்ற கூலியாட்களின் கைகளால் எழுந்ததே. அணைகளின் வரலாறுகள் உயரத்தையும் கொள்ளளவையும் குறிக்கும். வேலைக்குப் போனவர்களின் வீட்டில் எஞ்சியோர் அவற்றில் இடம்பெறுவதில்லை.

கரிசல் வட்டார வழக்குச் சொல்லகராதியைத் தொகுத்தவர் இக்கதையில் வழக்குச் சொற்களை அள்ளி இறைக்கவில்லை. எடுத்துரைப்பு எளிய பொதுத்தமிழில் செல்கிறது. இவ்வடக்கம் குழந்தைகளின் பார்வைக்குப் பொருந்துகிறது.

முடிவில் கிராமச் சாவடியின் பின்புறம் கதவு கிடக்கும் செய்தியைத் தம்பி கொண்டுவருகிறான். இருவரும் ஓடிச்சென்று, கரையான் பற்றிய அக்கதவைத் தொட்டுத் தழுவி நிற்கின்றனர். அதுவரை பெரியவளாக நடந்துகொண்ட லட்சுமி அங்கேதான் மீண்டும் சிறுமியாகிறாள். தந்தை திரும்பினாரா என்பதற்குக் கதையில் விடையில்லை.