உழிஞை: வேலியில் படர்ந்த கொடி, மதிலில் ஏறிய சொல்

கீரைக் கூடையில் அரைக்கீரைக்கும் முருங்கைக்கும் நடுவே ஒடுங்கிக் கிடக்கிறது முடக்கத்தான் கட்டு. மூட்டுவலி உள்ளவர்கள் கேட்டு வாங்குகிறார்கள். ஊறவைத்த அரிசியோடு அரைத்துத் தோசை வார்த்தால் லேசாகக் கசக்கும். அந்தக் கசப்பே மருந்து என்று வீட்டில் பெரியவர்கள் சொல்வார்கள். இந்தக் கொடியை அரசர்கள் தலையில் சூடினார்கள், வீரமுரசுக்கு மாலையாக அணிவித்தார்கள், கோட்டை முற்றுகை முழுவதற்கும் இதன் பெயரையே இட்டார்கள் என்று சொன்னால் வாங்குகிறவரும் விற்கிறவரும் ஒருசேர வியப்பார்கள். பழந்தமிழில் அதன் பெயர் உழிஞை.

இன்று பேச்சுத் தமிழில் இந்தச் சொல் இல்லை. இலக்கண வகுப்பில் புறத்திணைகளை ஒப்பிக்கும்போது ‘மதில் வளைத்தல்’ என்ற விளக்கத்தோடு ஒருமுறை வந்து போகிறது. அகராதியைத் திறந்தால் கொற்றான், சிறுபூளை, முற்றுகையிடும் வீரர் சூடும் மாலை, புறத்திணை என்று பொருள்கள் அடுத்தடுத்து நிற்கின்றன. எல்லாமே ஒரே வயதுடையவை போலத் தோன்றும். ஆனால் இவற்றுக்குள் ஒரு வரிசை இருக்கிறது. முதலில் கொடி, பிறகு அந்தக் கொடியால் கட்டிய கண்ணி, பிறகு அந்தக் கண்ணியைச் சூடி நடத்திய போர், கடைசியாக அந்தப் போரைப் பாடும் திணை. செடியைக் கண்முன் வைத்துக்கொண்டு படித்தால்தான் மற்ற மூன்றும் உயிர் பெறும் என்பது என் துணிபு.

இலக்கணத்தின் உழிஞை

தொல்காப்பியம் புறத்திணைகளை ஏழாக வகுத்து ஒவ்வொன்றையும் ஓர் அகத்திணையோடு இணைக்கிறது. ஆநிரை கவரும் வெட்சி குறிஞ்சிக்குப் புறன். மண்ணாசையால் படையெடுக்கும் வஞ்சி முல்லைக்குப் புறன். உழிஞை மருதத்துக்குப் புறன். அரணை முழுவதும் சூழ்ந்து முற்றுவதும் அதைக் கைப்பற்றுவதும் உழிஞையின் பொருள். மருதத்தோடு ஏன் இணைத்தார்கள் என்பதற்கு உரைமரபு சொல்லும் காரணம் அழகானது. வயல்வளமும் பேரூர்களும் மதில்களும் உள்ள நிலம் மருதம் என்பது ஒன்று. மருதத்தின் உரிப்பொருளான ஊடலில் தலைவி உள்ளே அடைத்திருக்க, தலைவன் வாயிலுக்கு வெளியே காத்துக் கிடக்கிறான். கோட்டைப் போரிலும் ஒருவன் உள்ளே, ஒருவன் வெளியே. அடைத்த கதவு ஒன்றுதான். அகத்தில் அது ஊடல், புறத்தில் அது முற்றுகை.

தொல்காப்பியத்தில் முற்றுகிறவனும் முற்றப்படுகிறவனும் உழிஞைக்குள்ளேயே அடங்கிவிடுகிறார்கள். பின்னால் வந்த புறப்பொருள் வெண்பாமாலையில் ஐயனாரிதனார் பன்னிரண்டு படலங்களாகப் பொருளை விரிக்கும்போது இருவரையும் பிரிக்கிறார். வெளியே நின்று தாக்குகிறவனுக்கு உழிஞை, உள்ளே நின்று காக்கிறவனுக்கு நொச்சி. ஒரு போரின் இரண்டு பக்கங்களும் இரண்டு செடிகளாயின.

துறைகளின் பெயர்களைப் படித்துக்கொண்டே போனால் ஒரு முற்றுகை தொடக்கம் முதல் முடிவு வரை கண்முன் நடக்கிறது. நல்ல நாள் பார்த்துக் குடையையும் வாளையும் முன்னே புறப்பட வைப்பது குடைநாட்கோள், வாள்நாட்கோள். அகழியில் இரு படையும் மோதிக் கலங்குவது பாசிநிலை. கலைந்து கலைந்து மீண்டும் கூடும் நீர்ப்பாசியே அங்கு உவமை. ஏணி சாத்தி மதிலில் ஏறுகிறவர்களும் மேலிருந்து தடுப்பவர்களும் ஒருவரோடொருவர் மல்லுக்கு நிற்பது ஏணிமயக்கம். முப்புரம் எரித்த சிவன் சூடிய பூ என்று உழிஞையின் பெருமையைப் பேசும் துறைக்கு முற்றுழிஞை என்று பெயர். மதுரைக் கோட்டை மேல் வைத்திருந்த பொறிகளைச் சிலப்பதிகாரத்தின் அடைக்கலக் காதை வரிசையாகச் சொல்கிறது. அத்தனை பொறிகளுக்கும் எதிரே ஏறுகிறவனின் தலையில் இருந்தது ஒரு மெல்லிய கொடி.

பாட்டில் உழிஞை

இலக்கணம் வகுத்த எல்லைக்குள் புலவர்கள் இந்தக் கொடியை அடைத்து வைக்கவில்லை. தலையாலங்கானத்துச் செருவென்ற பாண்டியன் நெடுஞ்செழியனை இடைக்குன்றூர் கிழார் பாடிய புறநானூற்றுப் பாடல்கள் 76, 77. சின்னஞ்சிறு வயதில், காலில் இருந்த கிண்கிணியைக் கழற்றிவிட்டுக் கழல் கட்டிக்கொண்டு களம் புகுந்த மன்னன் அவன். பாண்டியர்க்குரிய வேம்பின் தளிரோடு நெடிய உழிஞைக் கொடியையும் சேர்த்துக் கட்டிய கண்ணியை அவனுக்குச் சூட்டிப் பார்க்கிறார் புலவர். தலையாலங்கானம் வெட்டவெளியில் நடந்த போர்; அங்கே வளைப்பதற்கு மதில் ஏதும் இல்லை. பாடல்களுக்குத் திணையும் வாகை என்றே வகுத்திருக்கிறார்கள். அப்படியிருந்தும் உழிஞை வருகிறது. முற்றுகைக்கு அடையாளமாக இருந்த கொடி மெல்ல மெல்ல வெற்றி வேட்கையின் பொது அடையாளமாகவும் ஆகியிருக்கிறது என்று இதைப் படிக்கலாம்.

புறநானூற்றின் ஐம்பதாம் பாடலை அறியாதவர் குறைவு. களைத்து வந்த மோசிகீரனார் முரசு கட்டிலில் படுத்து உறங்கிவிடுகிறார். நீராட்டச் சென்ற முரசு திரும்பி வருகிறது. வாளை உருவ வேண்டிய சேர மன்னன் கவரி எடுத்துப் புலவருக்கு விசிறுகிறான். மன்னனின் பெருந்தன்மையைப் பேசிப் பேசி நாம் அந்த முரசைக் கவனிக்காமல் விட்டுவிட்டோம். மயிற்பீலி மாலையோடு பொன்போன்ற தளிருடைய உழிஞையையும் அதற்குச் சூட்டியிருக்கிறார்கள். அந்த மன்னனின் பெயர் தகடூர் எறிந்த பெருஞ்சேரல் இரும்பொறை. தகடூர் இன்றைய தருமபுரி. அதியமானின் கோட்டை நின்ற ஊர். கோட்டையைத் தகர்த்ததையே தன் பெயரில் அடைமொழியாகக் கொண்டவனின் முரசு உழிஞையைச் சூடியிருப்பது எவ்வளவு பொருத்தம்! சேரரைப் பாடும் பதிற்றுப்பத்தும் மன்னனைப் பொற்கொடி உழிஞை அணிந்தவன் என்கிறது. சேரநாட்டோடு இந்தச் சொல்லுக்கு இருக்கும் நெருக்கத்தை இங்கே மனத்தில் வைத்துக்கொள்வோம். அது பின்னால் உதவும்.

எந்தக் கொடி அது?

உரைகாரர்களும் பதிப்பாசிரியர்களும் உழிஞையைக் கொற்றான் என்று விளக்கினார்கள். இந்த ஒரு சொல்லில்தான் சிக்கல் தொடங்குகிறது. கொற்றான், கொத்தான் என்ற பெயரில் வேறொரு கொடியும் உண்டு. புதர்கள் மேல் மஞ்சள் நூல் வலை விரித்தது போலப் படரும் ஒட்டுண்ணி அது, இலையே கிடையாது. பாடல்கள் பொன்னிறம் என்றும் மெல்லிய கொடி என்றும் சொல்வதால் உழிஞை அதுவாகத்தான் இருக்கும் என்று எண்ண இடமிருக்கிறது. நிகண்டுவழி வந்த இன்னொரு பொருள் சிறுபூளை. பொங்கலுக்கு வேப்பிலையோடும் ஆவாரம்பூவோடும் சேர்த்துக் காப்புக் கட்டுகிறோமே, அந்த வெண்பஞ்சுப் பூச்செடி. ஒலி ஒற்றுமையால் குழப்பும் இன்னொரு சொல் உழிஞ்சில். அது வாகை மரம், நெற்று காற்றில் ஆடிச் சலசலப்பது. அதற்கும் உழிஞைக்கும் தொடர்பு இல்லை.

பாடல்களையே சான்றாக வைத்து ஒவ்வொன்றாகக் கழிப்போம். சிறுபூளை தரையோடு கிளைக்கும் சிறுசெடி. நெடுங்கொடி என்ற வருணனைக்குள் அது நுழைய முடியாது. கொத்தானுக்கு நிறம் பொருந்துகிறது. ஆனால் ஐம்பதாம் பாடல் தளிரைப் பேசுகிறது. இலையே இல்லாத கொடிக்குத் தளிர் ஏது? மிஞ்சுவது முடக்கொற்றான், அதாவது முடக்கத்தான். நீண்டு படரும், மெல்லிய தண்டு, இளந்தளிர் மஞ்சள் ஓடிய பசுமை. முடக்கத்தானுக்கு முடக்கொற்றான் என்றும் ஒரு வழக்கு உண்டு. உரைகாரர் சொன்ன கொற்றான் அதன் சுருக்கமாக இருக்கலாம்.

இந்த ஊகத்துக்கு உறுதியான துணை மலையாளத்தில் கிடைக்கிறது. கேரளத்தில் இன்றும் முடக்கத்தானுக்கு உழிஞ்ஞ, வள்ளி உழிஞ்ஞ என்றுதான் பெயர். திருவாதிரை நாளில் பெண்கள் கூந்தலில் சூடும் தசபுஷ்பம் என்ற பத்து மூலிகைகளில் அதுவும் ஒன்று. அந்தப் பத்தில் செறூள என்ற பெயரில் சிறுபூளையும் தனியாக இருக்கிறது. நிகண்டு ஒன்றாக்கிய இரண்டு செடிகளையும் மக்கள் வழக்கம் தனித்தனியே பிரித்து வைத்திருக்கிறது. 1678 முதல் 1693 வரை ஆம்ஸ்டர்டாமில் 12 தொகுதிகளாக வெளிவந்த ‘ஹோர்த்தூஸ் மலபாரிக்கூஸ்’ நூலும் இந்தக் கொடியை உழிஞ என்ற பெயரிலேயே பதிவு செய்திருக்கிறது. டச்சு ஆளுநர் வான் ரீட் தொகுத்த அந்த நூலுக்குச் செடிகளின் பெயரையும் பயனையும் சொல்லித் தந்தவர்களில் முதன்மையானவர் மலையாள வைத்தியர் இட்டி அச்சுதன். பழைய சேரநாட்டில் புலவர் பாடிய சொல், புலவர் மரபு ஓய்ந்த பின்னும் வைத்தியர் நாவிலும் பெண்களின் கூந்தலிலும் விடாமல் தங்கியிருக்கிறது. தமிழ்நாட்டில் நாம் சொல்லை ஏட்டில் காத்தோம், செடிக்கு வேறு பெயர் கொடுத்தோம். மலையாள நாடு சொல்லையும் செடியையும் பிரிக்காமல் காத்தது.

பொன்னிறம் பற்றி ஒரு குறிப்பு. மன்னர்கள் பொன்னால் பூச்செய்து சூடியதும் பாணர்க்குப் பொற்றாமரை அளித்ததும் சங்கப் பாடல்களில் உண்டு. ‘பொன்’ என்று வரும் இடங்களில் சில, பொன்னால் செய்த உழிஞையைக் குறிக்கக்கூடும். ஆனால் வேப்பந்தளிரோடு சேர்த்துக் கட்டியது பச்சைக் கொடிதான் என்பதில் ஐயமில்லை.

வேலியோரம்

ஏன் இந்தக் கொடியை மதில் போருக்குத் தேர்ந்தார்கள்? நூல்களை மூடிவிட்டு ஒரு வேலியோரம் போய் நிற்க வேண்டும். முடக்கத்தானின் பூங்காம்பில், வெள்ளைச் சிறுபூக்களுக்குக் கீழே இரண்டு பற்றுச்சுருள்கள் இருக்கும். கைக்குக் கிடைத்த குச்சியைச் சுற்றிக்கொண்டு கொடி மேலே ஏறும்; தடுப்பு உயர உயர அதுவும் உயரும்; சில வாரங்களில் வேலியின் தலையை மூடிவிடும். காயைப் பறித்து விரலால் அழுத்தினால் மெல்லிய தாள்பை போல உடைகிறது. உள்ளே மூன்று அறைகள், அறைக்கு ஒரு கருவிதை, ஒவ்வொரு விதையிலும் வெள்ளையில் வரைந்த இதயம் போல ஒரு தழும்பு. அந்தத் தழும்பைப் பார்த்துத்தான் தாவரவியலார் இதயவிதை என்ற பொருள்படும் கிரேக்கச் சொற்களால் கார்டியோஸ்பெர்மம் என்று பெயரிட்டார்கள்.

காப்பவன் சூடிய நொச்சியோ நம் ஊர்களில் வயலுக்கும் வீட்டுக்கும் வேலியாக நட்ட செடி. ஆடு கடிக்காது, வெட்ட வெட்டத் துளிர்க்கும். வேலியாக நிற்பது நொச்சி. வேலியில் ஏறுவது உழிஞை. முற்றுகையின் இரண்டு பக்கங்களுக்கும் இந்த இரண்டையும் தேர்ந்தவர்கள் செடிகளின் இயல்பை அன்றாடம் பார்த்து வாழ்ந்த உழவர் குடியின் கண்ணுடையவர்கள் என்று நம்புகிறேன். இலக்கண நூல் எதுவும் இதைக் காரணமாகச் சொல்லவில்லை; வேலி சொல்கிறது.

அந்தப் போர் விளையாட்டன்று. புறநானூற்று 271ஆம் பாடலில் வெறிபாடிய காமக்கண்ணியார் நொச்சியை இரண்டு நிலைகளில் காட்டுகிறார். இளம்பெண்களின் இடையில் தழையுடையாக அதைக் கண்ட கண், பிறகு வெட்டுண்டு கிடக்கும் வீரன் மார்பில் குருதி தோய்ந்த கண்ணியாகக் காண்கிறது. ஊன் என்று எண்ணிப் பருந்து அதைத் தூக்கிப் போகிறது. உழிஞை சூடி ஏறியவர்களும் இப்படித்தான் மதிலடியில் விழுந்திருப்பார்கள். ஏணிமயக்கம் என்ற துறைப் பெயருக்குள் எத்தனையோ தாய்மார்களின் அழுகை அடங்கியிருக்கிறது.

உ. வே. சாமிநாதையர் 1894இல் புறநானூற்றையும், 1895இல் புறப்பொருள் வெண்பாமாலையையும், 1904இல் பதிற்றுப்பத்தையும் அச்சேற்றியிருக்காவிட்டால் உழிஞை என்ற சொல் நமக்கு இந்த அளவுக்கேனும் தெரிந்திருக்காது. சொல்லைக் கரையேற்றும் பணியை அவர் செய்துவிட்டார். செடியை அதனோடு சேர்க்கும் பணி பாடம் நடத்துகிறவர்களுடையது. உழிஞைத் திணை நடத்தும் நாளில் ஆசிரியர் கையில் ஒரு முடக்கத்தான் கொடியும் ஒரு நொச்சிக் கிளையும் இருக்கட்டும். காயை உடைத்து விதையைப் பிள்ளைகள் உள்ளங்கையில் வைத்துப் பார்க்கட்டும், பற்றுச்சுருள் நொச்சிக் கிளையைச் சுற்றுவதைத் தொட்டுப் பார்க்கட்டும். அதற்குப் பிறகு ‘மதில் வளைத்தல்’ என்ற விளக்கத்தை அவர்கள் மனப்பாடம் செய்ய வேண்டியிருக்காது.