கடாரத்து மலையும் காற்றும்: இரு பனுவல்களின் பார்வை

கடாரம் என்றவுடன் தமிழாய்வாளர் நினைவுக்கு வருவது முதலாம் இராசேந்திரனின் 1025ஆம் ஆண்டுக் கடற்படையெடுப்பு. கோலாலம்பூர், கிள்ளான் வகுப்பறைகளிலும் கடாரத்தின் முதற்பாடம் அவனது மெய்க்கீர்த்தியே. அது மலையூருக்கு மலையை அரணாகக் கூறுகின்றது. கடாரத்துக்கோ கடலையே காவலாகக் கூறுகின்றது. கடற்கரைச் சமவெளியில் 1,200 மீட்டருக்குமேல் தனித்து எழுந்து, முகில் சூழ நிற்கும் குனோங் ஜெராய் அதில் இடம்பெறவில்லை. வெற்றிப் பட்டியலில் முகிலுக்கு என்ன வேலை?

மலாய்ப் பனுவலான ஹிகாயாட் மெரோங் மகாவங்சா அம்மலையை மறக்கவில்லை. ஜெராய் முன்னர்ச் செராய்த் தீவாக இருந்து பின் நிலத்தோடு இணைந்தது என்கின்றது அது. குருதிச்சுவை கண்ட கோரைப்பல் அரசன் கதையும் அதில் வருவதால், வெறுங்கட்டுக்கதை என நம்மவர் அதனை ஒதுக்குவதுண்டு. இவ்வொதுக்கல் ஏற்புடையதன்று. ஏறத்தாழ 5,000 ஆண்டுகளுக்கு முன்னர் இங்குக் கடல்மட்டம் இன்றைவிட உயர்ந்திருந்தது. பின்னர் ஆற்று வண்டல் படிந்து கரை மேற்கே நகர்ந்தது. தீவுக்கதை நிலவரலாற்றோடு முரண்படவில்லை.

கருடன் எழுப்பும் புயல் மெரோங்கின் கப்பல்களைத் தாக்கும் பகுதியும் கருதத்தக்கது. அப்புயல் வீசுவது ஜெராய்க் கரையிலன்று, வரும் வழியில். ஆயினும் மலையையும் காற்றையும் மரக்கலத்திலிருந்து காணும் பார்வை ஒன்றே. இலங்கையின் தென்முனையும் ஜெராயும் ஏறத்தாழ ஒரே அட்சரேகையில், 6 பாகைக்குச் சற்றுத் தெற்கே அமைந்துள்ளன. கிழக்கு நோக்கி வந்த மாலுமிக்குத் தொலைவிலிருந்தே இம்மலை அடையாளமாயிற்று. கடலின் ஈரக்காற்று சரிவில் மேலெழுந்து குளிர்வதால் உச்சியில் முகில் திரள்கின்றது. அடையாளம் மறையும் பொழுதில் மாலுமிக்கு எழும் அச்சத்தை மெய்க்கீர்த்தி அறியாது; அது அரசவையின் குரல்.

2013இல் சுங்கை பத்துவில் 'சண்டி' எனப்படும் தொல்கோயில்களுள் 11ஆம் எண்ணுடையது மேம்பாட்டுப் பணியின்போது இடிக்கப்பட்டது. சோழர் சின்னம் அழிந்ததென நம்முள் பலர் வருந்தினர். சோழர் வருகைக்கு முன்பே அவ்வட்டாரத்தில் இரும்பு உருக்கப்பட்டதை அகழாய்வுகள் காட்டியிருந்தும், நம் துயரத்திற்குக்கூட ஓர் அரசன் தேவைப்பட்டான்!

கிள்ளான் பள்ளத்தாக்கிலிருந்து மெர்போக் அருங்காட்சியகத்திற்குச் செல்லும் மாணவர்கள் புக்கிட் பத்து பாஹாட் சண்டியின் அடித்தளத்தைக் கண்டு திரும்புகின்றனர். அது அமைந்திருப்பதே ஜெராயின் தென்சரிவில்தான். அங்கு மெய்க்கீர்த்தியோடு ஹிகாயாட்டின் தீவுப் பகுதியையும் படிக்கச் செய்யலாம். மலாய்மொழி நம் மாணவர்க்குத் தடையன்று.