‘புரோட்டோ’வைத் தமிழில் சொல்லுதல்: ஈரோட்டுடலி வகைப்பாட்டுச் சொல் ஒன்றன் தமிழாக்கம் குறித்த திறனாய்வு

ஆய்வுச்சுருக்கம்

‘புரோட்டோபிராங்கியா’ என்பது ஈரோட்டுடலிகளுள் பழம்பண்புகளை மிகுதியாகக் காத்துநிற்கும் பிரிவினைச் சுட்டும் விலங்கியல் சொல். இதனைத் தமிழாக்கும்போது ஆதி, தொல், முன், மூல, முதல் ஆகிய அடைகள் போட்டியிடுகின்றன. விளக்கவுரைகளில் ‘தாழ்நிலை’ என்னும் அடையும் புகுந்துவிடுகிறது. அடையின் தேர்வு, உயிரியை மாணவர் எவ்வாறு விளங்கிக்கொள்கின்றனர் என்பதையே மாற்றிவிடுகிறது என்பதை இக்கட்டுரை ஆராய்கிறது.

திறவுச்சொற்கள்: கலைச்சொல்லாக்கம், ஈரோட்டுடலி, செவுள், முன்னொட்டு, தமிழ்வழிக் கல்வி.

சிக்கல் எழுந்த இடம்

சிவகாசிப் பகுதியில் உள்ள எம். புதுப்பட்டி கடலுக்குத் தொலைவான கரிசல் ஊர். இங்குள்ள பிள்ளைகளுக்குச் சிப்பி என்பது கடற்கரைச் சுற்றுலாவில் பொறுக்கி வந்த பொருள். அண்மைக்காலமாக இதே மாவட்டத்து வெம்பக்கோட்டை அகழாய்வில் கிடைத்த சங்கு வளையல்களால் சங்கு மட்டும் சற்று நெருங்கிவந்துள்ளது. இவ்வூரில் பட்டாசுத் தொழிலாளர் வீட்டுப் பிள்ளைகளுக்கு நான் நடத்தும் மாலை வகுப்பில், மெல்லுடலிகள் குறித்த பாடத்தின்போது, பயிற்சி ஏடு ஒன்றில் ‘தாழ்நிலை ஈரோட்டுடலிகள்’ என்னும் தொடர் வந்தது. பதினொன்றாம் வகுப்பு மாணவி ஒருத்தி, “அப்படின்னா அது சரியா வளராத சிப்பியா அக்கா?” என்று கேட்டாள். மற்றொருவன், அது கீழே ஆழத்தில் வாழ்வதால் தாழ்நிலை என்றான். முன்னது தவறு. பின்னது தவறான வழியில் உண்மைக்கு அருகே சென்ற விடை. இப்பிரிவின் உயிரிகள் ஆழ்கடற் சேற்றில் மிகுதியாக வாழ்கின்றன என்பது உண்மையே. சொல்லின் பொருள் அதுவன்று.

ஆங்கில நூல்கள் ‘பிரிமிட்டிவ்’ என்னும் அடையால் குறிப்பது, முன்னோரிடமிருந்து வந்த பண்பு மாறாது நிற்றலை. ‘தாழ்நிலை’ என்ற தமிழோ ஒரு தரவரிசையைக் கற்பிக்கிறது. அறிவியலில் இல்லாத மேல்கீழ் மொழிபெயர்ப்பில் முளைத்துவிட்டது. தமிழ்ச் சமூகத்தில் ‘தாழ்’ என்னும் சொல் சுமந்துவரும் வரலாற்றை எண்ணினால், இதனை வெறும் மொழிநடைப் பிழை என்று விட்டுவிட இயலாது.

சொல்லின் பிறப்பு

ஈரோட்டுடலிகளுக்கு அறிவியலில் பல பெயர்கள் உண்டு. 1758இல் லின்னேயஸ் ‘பைவால்வியா’ என ஓட்டை நோக்கினார். ‘லாமெல்லிபிராங்கியா’ என்ற பெயர் தகடு போன்ற செவுளையும், ‘பெலிசிபோடா’ என்ற பெயர் கோடாலி வடிவக் காலையும் நோக்கியவை. தமிழ்நாட்டுப் புதைபடிவ ஆய்விலும் இவற்றுள் ஒன்று வேரூன்றியது. அரியலூர், திருச்சிராப்பள்ளிப் பகுதிகளின் கிரெட்டேசியப் படிவங்களை ஆராய்ந்த ஃபெர்டினாண்ட் ஸ்டோலிச்கா, இந்தியப் புவியியல் ஆய்வுத் துறைக்காக 1871இல் முடித்த பெருந்தொகுதிக்கு ‘பெலிசிபோடா’ என்றே பெயரிட்டார். நுக்குலா முதலிய பழஞ்சிப்பிகள் அதில் இடம்பெற்றுள்ளன. ஆனால் ‘புரோட்டோபிராங்கியா’ என்ற சொல் அதில் இராது; அது அப்போது பிறக்கவில்லை.

1889இல் பெல்ஜிய விலங்கியலார் பால் பெல்செனீர், செவுளின் அமைப்பைக் கொண்டு ஈரோட்டுடலிகளைப் பகுத்தபோது அச்சொல்லை ஆக்கினார். கிரேக்கத்தில் ‘புரோட்டோஸ்’ முதல், ‘பிராங்கியா’ செவுள். நாம் உண்ணும் மட்டியிலும் ஆளியிலும் செவுள் அகன்று மடிந்த பெருந்தகடு. மூச்சுக்கும் அதுவே, நீரிலிருந்து உணவை வடித்தெடுக்கவும் அதுவே. நுக்குலாவிலோ செவுள் சிறியது. நடுத்தண்டின் இருபுறமும் சிற்றிதழ்கள் அடுக்கிய சீப்புப் போன்றது. உணவைத் திரட்டும் வேலையைப் பெரும்பாலும் வாயருகே நீளும் உணர்நீட்சிகள் சேற்றில் துழாவிச் செய்கின்றன. வேறு மெல்லுடலிகளிடமும் காணப்படும் இந்த எளிய செவுளே ஈரோட்டுடலிகளின் முதல் வடிவம் எனப் பெல்செனீர் கருதினார். எனவே ‘புரோட்டோ’ என்பது செவுளுக்கு இட்ட அடை; விலங்கிற்கு இட்ட அடை அன்று. தமிழாக்கங்கள் இடறுவது பெரும்பாலும் இந்த இடத்தில்தான்.

அடைகளின் போட்டி

‘முன்செவுளி’ என்பது இயல்பாக நாவில் வரும். முன்மாதிரி என்ற சொல்லில் ‘புரோட்டோ’விற்கு ‘முன்’ பழகிவிட்டது. ஆயினும் இதனை ஏற்க இயலாது. நத்தையினங்களில் ‘புரோசோபிராங்கியா’ என்றொரு பழைய பிரிவு உண்டு; அதில் செவுள் உண்மையிலேயே உடலின் முன்புறம் உள்ளது. ‘முன்செவுளி’ அதற்கே உரியது. ரோமன் எழுத்தில் எழுதும்போது ஓர் எழுத்தால் வேறுபடும் இரு சொற்கள் தமிழில் ஒன்றாகிவிட்டால், தேர்வெழுதும் மாணவன் நத்தையையும் சிப்பியையும் ஒரே பெயரில் படிப்பான்.

‘தொல்செவுளி’ அழகான ஆக்கம். தொல்குடி என்பதில் உள்ளதுபோல, பழமையும் இன்றைய இருப்பும் ஒருங்கே தோன்றும். ஆனால் தொல்லுயிரியல் என்பதில் ‘தொல்’ என்பதைப் ‘பேலியோ’விற்கு நாம் கொடுத்துவிட்டோம். இதே பிரிவை அதன் பல்வரிசையைக் கொண்டு ‘பேலியோடாக்சோடோண்டா’ என 1954இல் கொரொப்கோவ் அழைத்தார். அதற்கு ‘தொல்’ தேவைப்படும். (அச்சொல்லை உறுப்புக்கு உறுப்பாகப் பெயர்த்தால் ‘தொல்வரிசைப்பல்லி’ என வரும். வகுப்பில் சொல்லிப் பார்த்தேன். சுவரில் ஊரும் பல்லியை ஓட்டுக்குள் வைத்து வரைந்து தந்தார்கள். ‘பல்லன்’ என்ற ஈறு ஓரளவு காப்பாற்றும்.)

‘ஆதி’, ‘மூல’ ஆகிய இரண்டும் ஒரே குற்றமுடையன. இவ்வுயிரியே ஏனையவற்றுக்கு மூதாதை என்னும் பொருளை அவை தருகின்றன. இக்குழப்பம் தமிழாய்வாளர்க்குப் புதியதன்று. மூலத் திராவிடம் என்பது ஒப்பீட்டால் மீட்டுருவாக்கப்பட்ட மொழி. தமிழ் அதன் பழங்கூறுகள் பலவற்றைக் காத்த ஒரு கிளைமொழி. ழகரத்தைக் காத்த தமிழ், ‘செவி’ என்பதில் மொழிமுதற் ககரத்தை இழந்தது; கன்னடம் ‘கிவி’ என அதனைக் காத்தது. பழமையைக் காத்தமையால் ஒரு மொழி மூலமாகிவிடாது. ஒன்றைக் காத்த மொழி மற்றொன்றில் மிகவும் மாறியும் இருக்கலாம். நுக்குலாவும் இன்றைய உயிரிதான். மட்டி எத்தனை கோடி ஆண்டுகள் மாறிவந்ததோ அத்தனை ஆண்டுகள் அதுவும் மாறிவந்துள்ளது. இரண்டும் உடன்பிறந்த கிளைகள். தாயும் மகளும் அல்ல.

இப்பிரிவைச் சேர்ந்த சோலெமியா இதற்குத் தக்க சான்று. அதன் செவுளில் வாழும் பாக்டீரியங்கள் சேற்றிலுள்ள கந்தகச் சேர்மங்களைக் கொண்டு உணவாக்கித் தருகின்றன. சில இனங்களில் குடலே இல்லை. கந்தகம் என்றதும் எங்கள் வகுப்பு நிமிர்ந்து உட்கார்ந்தது. வேதித்தொழில் செய்யும் ஓர் உயிரியைத் தாழ்நிலை என எழுதுவது எவ்வளவு பொருந்தாதது என்பதை அவர்களுக்கு நான் விளக்க வேண்டியிருக்கவில்லை. ஆனால் சோலெமியா என் வாதத்திற்கும் சிறிது இடையூறு செய்கிறது. அதன் செவுள் சிறியதன்று. பாக்டீரியங்களுக்கு இடமளிக்கும் அளவு பெருத்தது. செவுளளவிலும் ‘முதல்’ என்பது அதற்கு முழுதும் பொருந்தாது. இக்குறை தமிழாக்கத்தினுடையதன்று, பெல்செனீரின் சொல்லிலேயே உள்ளது. மூலச்சொல்லின் குறையை மொழிபெயர்ப்பாளர் திருத்தத் தொடங்கினால் இரண்டு மொழிகளில் இரண்டு அறிவியல்கள் உண்டாகும்.

‘முதற்செவுளி’

எஞ்சுவது ‘முதல்’. முதல், சினை என்னும் இலக்கண வழக்கிலும், முதல், கரு, உரி என்னும் பொருளிலக்கண வழக்கிலும் இச்சொல் இழிவோ உயர்வோ சுட்டவில்லை. ஈழத்துப் பாடநூல் வழக்கில் ‘புரோட்டோபிளாசம்’ முதலுரு என ஆனபோதும் இதே அடை பயன்பட்டது. ‘முதற்செவுளி’ என்பதில் அடை செவுளையே தழுவி நிற்கிறது. முதற்செவுளை உடையது முதற்செவுளி. மீனின் செவுள்வரிசையில் முதலாவது என மயங்க இடமுண்டு என்னும் மறுப்பு சரியே. ஆனால் மெல்லுடலிப் பாடத்தின் சூழலில் அது நேர்வது அரிது.

அடை எதனைத் தழுவுகிறது என்பது புலவர்க்கு மட்டுமே விளங்கும் நுட்பம் என்று நான் எண்ணியிருந்தேன். பட்டாசுத் தொழிலில் பேரியம் நைட்ரேட்டைப் ‘பச்சை உப்பு’ என்பர். 2018இல் உச்ச நீதிமன்றம் பட்டாசில் பேரியம் உப்புகளைத் தடைசெய்தபின் அச்சொல் செய்தித்தாள்களிலும் அடிக்கடி வந்தது. அந்த உப்பு பச்சை நிறமன்று, வெள்ளை. பச்சை, அது எரியும் சுடருக்கு உரியது. இதைத் தெரியாத பிள்ளை எங்கள் வகுப்பில் இல்லை. பெயரில் உள்ள அடை பொருளின் எந்தக் கூற்றைச் சுட்டுகிறது என்பதை வழக்கு கற்பித்துவிடுகிறது. சொல் அதற்குத் தடையாக நில்லாதிருந்தால் போதும்.

ஆகவே பிரிவின் பெயரை ‘முதற்செவுளிகள்’ என்றும், முதன்முறை வரும்போது ‘புரோட்டோபிராங்கியா’ என்பதை உடன்சேர்த்தும் எழுதலாம். ‘பிரிமிட்டிவ்’ என விளக்கவுரையில் வருமிடத்து ஒற்றைச் சொல்லைத் தேடாமல், ‘மூதாதைப் பண்பைக் காத்த’ என விரித்தெழுதுவதே தகும். ஒற்றைச் சொல் வேண்டுவோர்க்கு இது நீளம். பெயருக்குத்தான் சுருக்கம் தேவை, விளக்கத்திற்கு அன்று.

பிரிவின் எல்லையும் அசையாதிருந்ததில்லை. முதற்செவுளிகளுள் நுக்குலானா கூட்டத்தை ஏனையவற்றோடு சேர்க்கலாமா என்னும் ஐயம் எழுந்து, 2008இல் எஞ்சியவற்றுக்கு ‘ஒப்போனோபிராங்கியா’ எனப் புதுப்பெயர் முன்வைக்கப்பட்டது. பின்வந்த மூலக்கூறு ஆய்வுகள் மூன்று கூட்டங்களையும் மீண்டும் ஒரே கிளையில் காட்டின. அப்பெயர் நிலைத்திருந்தால் ‘எதிர்ச்செவுளி’ என்றிருப்போம். சிற்றிதழ்கள் எதிரெதிர் நிற்பதை மட்டும் சொல்லும் பெயர் அது. அடுத்த வாரம் அதனையும் கரும்பலகையில் எழுதினேன். முதலில் கேள்வி கேட்ட மாணவி தன் ஏட்டில் ‘தாழ்நிலை’யை அடித்துவிட்டு, இரண்டு பெயர்களையும் ஒன்றன்கீழ் ஒன்றாக எழுதி, ‘முதற்செவுளி’க்கு அருகில் ஒரு சீப்பு வரைந்திருந்தாள்.