பனிமூட்டமும் சிமெந்து மூட்டையும்

பாலு மகேந்திராவை ஒளியின் கலைஞன் என்று போற்றுவதோடு பலர் நின்றுவிடுகின்றனர். மட்டக்களப்பை அடுத்த அமிர்தகழியில் 1939இல் பிறந்து, புனேயில் ஒளிப்பதிவு கற்று, மலையாள 'நெல்லு' (1974) படத்தால் அறிமுகமாகி, கன்னடக் 'கோகிலா'வால் (1977) இயக்குநரானவர் அவர். கைவந்த தொழில்கள் பல. அவை யாருடைய வாழ்வைக் காட்டின என்பதே நம் கேள்வி.

'மூன்றாம் பிறை' (1982) நீலகிரியில் எடுக்கப்பட்டது. நாயகன் பள்ளி ஆசிரியன். (நம் தொழிலாயிற்றே என்று சற்றுக் கூடுதலாகவே கவனித்தோம்!) பனி மூடிய மலைகளும் கேத்திப் புகையிரத நிலையமும் கண்ணைக் கவர்கின்றன, ஒளிப்பதிவுக்குத் தேசிய விருதும் கிடைத்தது. ஆனால் பசறையிலும் அப்புத்தளையிலும் அதே பனிக்குள் கூடை சுமந்து மலையேறும் பெண்களுக்கு அது அழகல்ல, குளிர். மலையின் உழைப்பாளி அந்தக் கதைக்குள் வருவதில்லை.

'வீடு' (1988) வேறு வகை. ஒளிப்பதிவு, படத்தொகுப்பு, இயக்கம் மூன்றும் அவரே. பாட்டில்லை, கொடியவன் என்று சுட்ட ஒருவனுமில்லை. அலுவலகத்தில் வேலை பார்க்கும் சுதா கடன் வாங்குகிறாள், இலஞ்சம் கொடுக்கிறாள், ஒப்பந்தக்காரனிடம் ஏமாறுகிறாள். சிமெந்துத் திருட்டை அவளுக்கு உணர்த்துபவள் மங்கம்மா என்னும் கட்டடக் கூலிப் பெண். சொக்கலிங்க பாகவதர் நடித்த தாத்தா, முடியாத வீட்டைத் தடவிப் பார்த்துவிட்டு இறந்துபோகிறார். முடிவில் நிலமே அரசுக்கு என்றாகிறது. நடிப்பென்றே தோன்றாத அந்த முதியவருக்காகவே இப்படத்தை நம் மாணவர்க்குக் காட்டலாம்.

ஒரு குறையும் சொல்ல வேண்டும். சுதாவுக்கு இழப்பதற்கு ஒரு மனையேனும் இருந்தது. 10க்கு 12 அடி லயக் காம்பராவில் தலைமுறைகளாகப் பிறந்து இறப்போர்க்கு அதுவுமில்லை. இத்தீவிலே பிறந்த அக்கலைஞர், அந்தக் காம்பராவுக்குள் தம் காமிராவைக் கொண்டுவராமலே 2014இல் மறைந்தார்.